பன்னிரண்டு வாரக் கெடு: கடலூர் மாவட்டப் பட்டா மனு ஒன்றின் நிகழ்வு ஆய்வு

இந்நிகழ்வில் தொடர்புடையோரின் பெயர்களும் வட்டம், கிராமம், புல எண் ஆகிய விவரங்களும் தவிர்க்கப்பட்டுள்ளன. வருவாய்த் துறையில் துணை வட்டாட்சியராக இருந்து ஓய்வுபெற்ற நான், மனுதாரருக்கு மனு எழுதிக் கொடுத்தவன் என்ற முறையில் தொடக்கம் முதல் உடனிருந்தேன். ஆகவே இதில் பதிவாகும் பிழைகளில் சில என்னுடையவை.

பின்னணி

கடலூர் மாவட்டத்தின் செம்மண் பகுதியில், முந்திரியும் பலாவும் விளையும் ஒரு கிராமத்தில் உள்ள 1 ஏக்கர் 12 சென்ட் புன்செய் நிலத்தைப் பற்றியது இது. மனுதாரர் கணவரை இழந்தவர், அறுபதை நெருங்கும் வயது. அவருடைய மாமனார் 1960களின் இறுதியில் பக்கத்து நிலக்காரரிடமிருந்து பதிவு செய்யப்பட்ட கிரையப் பத்திரத்தின் மூலம் இந்நிலத்தை வாங்கினார். கடலூர் தனி மாவட்டமானது 1993-இல்தான் என்பதால் பத்திரத்தில் ‘தென்னாற்காடு ஜில்லா’ என்றே இருக்கிறது. வாங்கிய நாள் முதல் அனுபவம் இக்குடும்பத்திடமே இருந்து வந்துள்ளது. முந்திரி நட்டதும் கொட்டை பொறுக்கியதும் அவர்கள்தான். கிஸ்தி எனும் நிலவரியை மட்டும் பக்கத்து நிலக்காரர் தம் பட்டாவோடு சேர்த்துக் கட்டிவிடுவார், இவர்கள் தங்கள் பங்கைக் கணக்குப் பார்த்து அவரிடம் கொடுத்துவிடுவார்கள். ஊரில் இப்படிப் பல நிலங்கள் உண்டு, யாரும் அதைக் குறையாக நினைத்ததில்லை.

குறை அங்கேதான் இருந்தது. 1979 முதல் 1987 வரை தமிழ்நாட்டில் நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தை, இன்றும் எல்லோரும் யூ.டி.ஆர். என்றே சொல்கிறோம். நிலம் உண்மையில் யாருடைய கையில் இருக்கிறதோ அவருடைய பெயரைப் பதிவேட்டில் ஏற்றுவதும், ஏக்கர் சென்ட் கணக்கை ஹெக்டேருக்கு மாற்றுவதும் அதன் நோக்கங்களில் அடங்கும். இக்கிராமத்தில் அந்தப் பணி நடந்தபோது, விற்கப்பட்ட 1 ஏக்கர் 12 சென்ட் தனி உட்பிரிவாகப் பிரிக்கப்படாமல் முழுப் புலமும் விற்றவரின் பெயரிலேயே பதிவானது. பத்திரத்தை எவரேனும் அன்று அலுவலரிடம் காட்டினார்களா என்பதை இன்று சொல்ல ஆள் இல்லை.

பிழை வெளியே தெரிந்தது ஒரு புயலால். 2011 டிசம்பர் 30 அன்று கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்த தானே புயலில் இம்மாவட்டத்தின் முந்திரியும் பலாவும் வேரோடு சாய்ந்தன. நிவாரணப் பட்டியல் வருவாய்ப் பதிவேட்டின்படி தயாரானதால், இந்நிலத்துக்குரிய தொகை பக்கத்து நிலக்காரரின் பெயரில் வந்தது. அவர் அதை எடுத்து வந்து மனுதாரரின் கணவரிடம் வீட்டுத் திண்ணையில் வைத்தே கொடுத்தார். ரசீது எதுவும் எழுதப்படவில்லை. அவருடைய நேர்மையே பின்னால் இடைஞ்சலானது. பணம் கைக்கு வந்துவிட்டதால் பதிவைத் திருத்த வேண்டும் என்ற எண்ணம் இரு வீட்டாருக்கும் எழவில்லை.

சில ஆண்டுகளில் இருவரும் காலமாயினர். பிரதமரின் கிசான் நிதியுதவிக்கும் கூட்டுறவுச் சங்கக் கடனுக்கும் தம் பெயரில் பட்டா வேண்டும் என்ற நிலை வந்தபோதுதான் மனுதாரர் முதன்முறையாக அலுவலகப் படி ஏறினார். பக்கத்து நிலக்காரரின் மகன் மறுக்கவில்லை. கையெழுத்துப் போடவும் வரவில்லை.

மனு நகராத நான்கு ஆண்டுகள்

முதல் விண்ணப்பம் இ-சேவை மையம் வழியாகப் பட்டா மாறுதலுக்காகச் செய்யப்பட்டது. சில வாரங்களில் ‘ஆவணம் போதாது’ என்ற ஒற்றை வரியோடு நிராகரிக்கப்பட்டது; எந்த ஆவணம் போதாது என்பது சொல்லப்படவில்லை. அதன்பின் வட்டாட்சியரிடம் நேரில் ஒன்று, ஆட்சியர் அலுவலகத்தின் திங்கள்கிழமைக் குறைதீர் நாளில் மூன்று, கிராமக் கணக்குகளைத் தணிக்கை செய்யும் ஆண்டு நிகழ்வான ஜமாபந்தியில் இரண்டு என்று ஆறு மனுக்கள் கொடுக்கப்பட்டன. உட்பிரிவு தேவைப்படாத பட்டா மாறுதலை 15 நாள்களிலும் உட்பிரிவு தேவைப்படுவதை 30 நாள்களிலும் முடிக்க வேண்டும் என்பது அரசின் அறிவுறுத்தல். இங்கே நான்கு ஆண்டுகளும் இரண்டு மாதங்களும் கடந்தன.

அதுவரை மனுதாரருக்கு மனு மட்டும் எழுதிக் கொடுத்துவந்த என்னிடம், இந்தக் கட்டத்தில்தான் அவருடைய மகள் வந்தார். புதுச்சேரியில் ஒரு தனியார் நிறுவனத்தில் வேலை பார்ப்பவர், அம்மாவின் மஞ்சள் பையில் இருந்த காகிதங்களைத் தேதிவாரியாக அடுக்கிக் கொண்டுவந்திருந்தார். முதல் வேலையாகத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ், 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி, கோப்பின் குறிப்புத்தாள் நகலைக் கேட்டோம். 30 நாள் கெடுவின் கடைசி வாரத்தில் 19 பக்கங்கள் வந்தன.

அந்தப் பக்கங்களைப் படித்தபோது, ஏழு மனுக்களும் வெவ்வேறு எண்களில் தன்பதிவேடு எனப்படும் எழுத்தரின் கோப்புப் பதிவேட்டில் ஏறி, வெவ்வேறு கோப்புகளாக வருவாய் ஆய்வாளருக்கும் அவரிடமிருந்து கிராம நிர்வாக அலுவலருக்கும் போய்த் திரும்பியிருந்தது தெரிந்தது. திங்கள்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் கொடுக்கும் மனு வேறு உயர்ந்த இடத்துக்குப் போகிறது என்று மக்கள் நம்புகிறார்கள். அது அங்கிருந்து அதே வட்ட அலுவலகத்தின் அதே பிரிவு எழுத்தரின் மேசைக்குத்தான் வந்து சேரும். கிராம நிர்வாக அலுவலர் இரண்டு முறை ‘அனுபவம் மனுதாரர் வசம் உள்ளது, பதிவு வேறு பெயரில் உள்ளது’ என்று எழுதியிருந்தார். இரண்டு முறையும் ‘நில அளவர் அறிக்கை பெறுக’ என்று குறிப்பு வந்து, நில அளவர் மாறுதலில் சென்றதால் கோப்பு நின்றிருந்தது. பன்னிரண்டாம் பக்கத்தில், ஒரு விசாரணைத் தேதியைக் குறிப்பிட்டு ‘மனுதாரர் ஆஜராகவில்லை, மேல்நடவடிக்கை கைவிடலாம்’ என்று எழுதப்பட்டிருந்தது. அந்த விசாரணைக்கான அறிவிப்பின் அலுவலகப் பிரதி அடுத்த பக்கத்திலேயே இருந்தது. அதை மனுதாரரிடம் சார்வு செய்ததற்கான, அதாவது சேர்ப்பித்ததற்கான, கையெழுத்து இருக்க வேண்டிய இடம் வெறுமையாக இருந்தது.

இதில் சதி எதையும் நான் காணவில்லை. அக்டோபர் முதல் டிசம்பர் வரை வெள்ளமும் புயலும், அடுத்து தேர்தல் பணி, பிறகு ஜமாபந்தி என்று ஓடும் மாவட்டம் இது. நில அளவர் பற்றாக்குறையும் உண்டு. ஆனால் அந்த நாற்காலியில் இருந்தவன் என்பதால் மற்றொன்றையும் சொல்லியாக வேண்டும். நிராகரித்தால் மேல்முறையீடு வரும், ஏற்றால் எதிர்த்தரப்பின் புகார் வரும், நிலுவையில் வைத்தால் இரண்டும் வராது. கையெழுத்துப் போடாமல் இருப்பதற்கு எவரும் அலுவலரைக் கேள்வி கேட்பதில்லை.

உயர்நீதிமன்றம் செல்வது என்ற முடிவு

எங்கள் முன் இரண்டு வழிகள் இருந்தன. ஒன்று, உரிமையியல் நீதிமன்றத்தில் உரிமை விளம்புகை, அதாவது நிலம் தமக்கே உரியது என்ற அறிவிப்பு, கோரி வழக்கிடுவது. மற்றொன்று, அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவின்படி உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்து, நிலுவையில் உள்ள மனுவின்மீது முடிவெடுக்கும்படி அலுவலருக்குக் கட்டளையிடக் கோருவது. முதல் வழி நீண்டது. மேலும் எதிர்த்தரப்பு உரிமையை வெளிப்படையாக மறுக்காத நிலையில் வழக்குப் போட்டு உறவைக் கெடுத்துக்கொள்ள மனுதாரர் விரும்பவில்லை. பக்கத்து நிலக்காரரின் மகன் அவரைப் ‘பெரியம்மா’ என்று அழைக்கும் பழக்கம் உள்ளவர். ஆகவே இரண்டாம் வழியைத் தேர்ந்தோம். கடலூர் மாவட்டம் உயர்நீதிமன்றத்தின் சென்னை முதன்மை அமர்வின் எல்லைக்குள் வருவதால் மனு அங்கே தாக்கலானது.

செலவை மகள் ஏற்றார். 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி பெண்களுக்கு வருமான வரம்பு எதுவும் பார்க்காமல் இலவச சட்ட உதவி கிடைக்கும் என்பதையும், உயர்நீதிமன்ற வழக்குகளுக்கும் அதற்கான சட்டப்பணிக் குழு உண்டு என்பதையும் நான் அப்போது எடுத்துச் சொல்லியிருக்க வேண்டும். பின்னால்தான் நினைவுக்கு வந்தது.

எதிர்மனுதாரர்களாக ஆட்சியரையும் வட்டாட்சியரையும் மட்டும் சேர்த்தோம். இணைப்பாகக் கடைசியாகக் கொடுத்த மனுவின் நகலும் தபால் ஒப்புகையும் போதும் என்று முடிவு செய்தோம். நிலுவை என்பதை நிரூபிக்க அவை போதுமானவைதான். அந்த மனுவின் தலைப்பு ‘பட்டா மாறுதல் கோருதல்’ என்றிருந்தது. எழுதியவன் நான். இந்த மூன்று வார்த்தைகள் எவ்வளவு காலத்தை விழுங்கப் போகின்றன என்பது அன்று தெரியவில்லை.

ஆணை

முதல் விசாரணை நாளிலேயே அரசு வழக்கறிஞர் அறிவிப்பைப் பெற்றுக்கொள்ள, ஐந்து நிமிடத்துக்குள் மனு முடிவுக்கு வந்தது. இரண்டு பக்க ஆணையில், மனுவின் தகுதி குறித்துக் கருத்து எதுவும் தெரிவிக்காமல், மனுதாரரின் மனுவைப் பரிசீலித்து, பாதிக்கப்படக்கூடியோருக்கும் வாய்ப்பளித்து, ஆணை நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரங்களுக்குள் சட்டப்படி உத்தரவு பிறப்பிக்க வேண்டும் என்று வட்டாட்சியருக்குக் கட்டளையிடப்பட்டிருந்தது.

“அம்மா, கேஸ் ஜெயிச்சாச்சு” என்று மகள் அன்று மாலை ஊருக்குப் போன் செய்தார். நானும் அதைத் திருத்தவில்லை. மனு அசையத் தொடங்கியதே அந்த வீட்டுக்குப் பெரிய செய்தியாக இருந்தது. ஆனால் ஆணையில் இருந்தது அவ்வளவுதான்: முடிவெடு என்ற கட்டளை. எந்த முடிவு என்பதில் நீதிமன்றம் தலையிடவில்லை. ‘பரிசீலிக்க வேண்டும்’ என்று மட்டும் சொல்லும் ஆணைகளின் எல்லை என்ன என்பதை உச்சநீதிமன்றம் 2006-இல் ஆந்திர அரசுப் போக்குவரத்துக் கழகம் தொடர்பான வழக்கில் விளக்கியிருக்கிறது. நெடுங்காலத்துக்கு முன் செத்துப்போன கோரிக்கைக்கு இத்தகைய ஆணையும் அதன்மீது வரும் பதிலும் புது உயிர் தந்துவிடாது என்பதை 2008-இல் இன்னொரு வழக்கில் கண்டிப்பாகவே சொன்னது. அந்தத் தீர்ப்புகள் அரசு ஊழியர் விவகாரங்களில் வந்தவை என்றாலும் நிலம் பற்றிய மனுக்களுக்கும் அந்த எச்சரிக்கை பொருந்தும் என்பது என் கருத்து.

இந்தக் கட்டத்தில் சரியாகச் செய்த காரியம் ஒன்று உண்டு. கெடு ஓடத் தொடங்குவது ஆணை பிறந்த நாளில் அல்ல, நகல் அலுவலகத்துக்குக் கிடைத்த நாளில்தான். சான்றிட்ட நகல் கைக்கு வந்ததும், முகப்புக் கடிதத்துடனும் மனுவின் புதிய பிரதியுடனும் ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் அனுப்பினோம். அத்தோடு நில்லாமல் மகள் நேரில் சென்று தபால் பிரிவில் மற்றொரு பிரதியைக் கொடுத்து, தம் பிரதியில் நாள் முத்திரை பெற்றுக்கொண்டார். ஊதா மை சற்று மங்கலாக விழுந்ததால் மறுபடி ஒருமுறை அடிக்கச் சொல்லி வாங்கினார். பின்னர் எந்த இடத்திலும் ‘நகல் வரவில்லை’ என்ற பேச்சு எழவே இல்லை.

எண்பதாம் நாள்

நான்கு ஆண்டுகளில் நடக்காதவை எட்டு வாரங்களில் நடந்தன. ஏழு மனுக்களும் ஒரே கோப்பாகச் சேர்க்கப்பட்டன, கிராம நிர்வாக அலுவலரின் வாக்குமூலம் பெறப்பட்டது, இரண்டு விசாரணைகள் நடந்தன. முதல் விசாரணைக்கு எதிர்த்தரப்பு அவகாசம் கேட்டது. இரண்டாவதில் ‘பட்டா என் தந்தை பெயரில் உள்ளது’ என்று எழுதிக் கொடுத்துவிட்டுச் சென்றது. 84 நாள் கெடுவில் எண்பதாம் நாள், வட்டாட்சியரின் செயல்முறைகள், அதாவது எழுத்து வடிவிலான உத்தரவு, கையில் கிடைத்தன.

செயல்முறை ஆணையைப் படிக்கத் தெரிந்தவர்கள் முதலில் பார்ப்பது ‘பார்வை’ என்ற பகுதியைத்தான். எந்தெந்த ஆவணங்களைப் பார்த்து முடிவெடுத்தார் என்ற பட்டியல் அங்கே இருக்கும். இதில் முதல் இனம் உயர்நீதிமன்ற ஆணை, இரண்டாவது மனுதாரரின் மனு, மூன்றாவது கிராம நிர்வாக அலுவலரின் அறிக்கை. 1960களின் கிரையப் பத்திரம் அப்பட்டியலில் இல்லை. ஒன்றரைப் பக்க உத்தரவின் சாரம் இது: கோரப்படுவது யூ.டி.ஆர். காலப் பதிவின் திருத்தம்; அதற்கான அதிகாரம் மாவட்ட வருவாய் அலுவலரிடம் உள்ளது; இவ்வலுவலகத்தால் பட்டா மாறுதலாக இதை ஏற்க இயலாது; மனு தள்ளுபடி செய்யப்படுகிறது.

நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாமா என்று மகள் கேட்டார். 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தில், ஆணையை வேண்டுமென்றே மீறினால் 6 மாதம் வரை வெறுங்காவலோ 2,000 ரூபாய் வரை அபராதமோ விதிக்க வழி இருக்கிறது. மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்கப்பட வேண்டும். ஆனால் இங்கே மீறல் எதுவும் இல்லை. முடிவெடுக்கச் சொன்னார்கள், கெடுவுக்குள் முடிவெடுத்துவிட்டார். அந்த முடிவு மனுதாரருக்குப் பாதகமானது என்பது அவமதிப்பு ஆகாது. வழக்கறிஞரும் இதையே சொன்னார்.

அன்றிரவு உத்தரவை மறுபடி படித்தபோது எனக்குக் கோபம் வட்டாட்சியர்மீது வரவில்லை. எழுத்துப்பிழை போன்ற சில்லறைத் திருத்தங்கள் கீழ்மட்டத்தில் முடியும். ஒருவர் நிலம் இன்னொருவர் பெயரில் ஏறிய யூ.டி.ஆர். பிழை மாவட்ட வருவாய் அலுவலரிடம் போக வேண்டும் என்பது துறையில் எழுத்தர்க்கும் தெரிந்த செய்தி. தவறான கதவைத் தட்டும் மனுவை எழுதியவன் நான். அந்த மனுவுக்கு முடிவு கேட்டு உயர்நீதிமன்றம் வரை போனோம், கேட்ட முடிவு கிடைத்தது. ஆனால் இந்த ஒரு வரியை நான்கு ஆண்டுகளுக்கு முன்பே அலுவலகம் எழுதியிருந்தால் அவர்கள் சரியான இடத்துக்கு அன்றே போயிருப்பார்கள் என்பதும் உண்மை.

இரண்டாம் சுற்று

இம்முறை அவசரப்படவில்லை. 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு பட்டா பாஸ்புத்தகச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி வருவாய்க் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்ய வழி இருந்தது. அதிகாரம் இல்லை என்பதே வட்டாட்சியரின் காரணம் என்பதால், மேல்முறையீட்டிலும் அதே பதில் வரும் என்று கணித்து அதைத் தவிர்த்தோம். மாவட்ட வருவாய் அலுவலரிடம் யூ.டி.ஆர். பிழைத் திருத்த மனுவாகப் புதிதாகக் கொடுப்பது என்று முடிவானது.

ஆவணம் திரட்ட மூன்று மாதம் ஆயிற்று. மூலப் பத்திரத்தைப் பாதுகாப்பதாக நினைத்து மனுதாரரின் கணவர் அதை லேமினேஷன் செய்து வைத்திருந்தார்; பிளாஸ்டிக்கின் அடியில் பின்பக்கத்துப் பதிவு முத்திரையும் மேலெழுத்தும் கரைந்து ஒன்றும் படிக்க முடியாமல் போயிருந்தன. சார் பதிவாளர் அலுவலகத்தில் கைத் தேடலுக்கு மனுச் செய்து சான்றிட்ட நகல் பெற்றோம். அதைவிட முக்கியமானது, ஆட்சியர் அலுவலக ஆவணக் காப்பறையில் கிடைத்த, யூ.டி.ஆருக்கு முந்திய ‘அ’ பதிவேட்டின் (கிராம நிலங்களின் உடைமை விவரம் அடங்கிய பதிவேடு) நகலும், பழைய புல எண்ணுக்கும் புதிய எண்ணுக்குமான ஒப்பீட்டுப் பட்டியலும். பத்திரத்தில் உள்ள எண் இன்றைய எந்தப் புலத்தைக் குறிக்கிறது என்று காட்டும் ஒரே காகிதம் அந்தப் பட்டியல்தான். அது இல்லாமல் பத்திரத்தைக் காட்டினால், அலுவலருக்கு அது வேறு ஏதோ ஒரு நிலத்தின் பத்திரம்.

மூன்று பக்க மனுவில், பத்திரம், பழைய பதிவேடு, ஒப்பீட்டுப் பட்டியல், யூ.டி.ஆர். பதிவு என்ற வரிசையில் பிழை எந்த இடத்தில் நுழைந்தது என்பதைக் காட்டினோம். வாரிசுச் சான்றும் வில்லங்கச் சான்றும் இணைக்கப்பட்டன. மனு கொடுத்து 60 நாள் காத்திருந்து, ஒரு நினைவூட்டும் அனுப்பியபின், பதில் இல்லாததால் இரண்டாம் ரிட் மனு தாக்கலானது. இம்முறை மாவட்ட வருவாய் அலுவலர் முதல் எதிர்மனுதாரர். பக்கத்து நிலக்காரரின் மகனும் சேர்க்கப்பட்டார். அவரைச் சேர்ப்பதில் மனுதாரருக்குத் தயக்கம் இருந்தது. அவருக்குத் தெரியாமல் கிடைக்கும் ஆணை பின்னால் அவர் கேட்டாலே உடைந்துவிடும் என்று விளக்கிய பிறகே சம்மதித்தார். ஆணை முதல் ஆணையைப் போன்றதுதான், அதே 12 வாரம். வேறுபாடு 74 பக்க இணைப்பில் இருந்தது. ஆணையோடு அது முழுவதும் மீண்டும் அலுவலகத்தில் முத்திரை பெற்றுக் கொடுக்கப்பட்டது.

விசாரணை

மூன்று நாள்கள் விசாரணை நடந்தது. இடையில் நில அளவர் புலத்துக்கு வந்தார். முந்திரிச் சருகு முழங்கால் உயரத்துக்குக் கிடந்த வடகிழக்கு மூலையில், மகளும் ஒரு கூலியாளும் அரை மணி நேரம் கிளறியபின் பழைய எல்லைக் கல்லின் தலை தெரிந்தது; அம்புக்குறி தேய்ந்திருந்தாலும் கல் அசையவில்லை. அங்கிருந்து சங்கிலி பிடித்து அளந்தபோது அனுபவ எல்லை பத்திரத்தின் நான்கெல்லையோடு மூன்று பக்கம் பொருந்தியது. தெற்குப் பக்கத்தில் மட்டும், இப்போது ஊர்ப் பாதையாக இருக்கும் துண்டு யூ.டி.ஆரில் அரசுப் புறம்போக்காகப் பதிவாகியிருந்தது தெரியவந்தது. எங்களில் யாரும் அதை எதிர்பார்க்கவில்லை.

இரண்டாம் விசாரணை நாளில் நடந்தது முக்கியமானது. எதிர்த்தரப்பு இளைஞர், அலுவலர் கேட்பதற்கு முன்பே மனுதாரரைப் பார்த்து, “பெரியம்மா, நிலம் உங்களுது இல்லன்னு நான் எங்கயும் சொல்லல. ஆனா பட்டா எங்கப்பா பேருல இருக்கே, அத நான் எப்படி விட்டுக் கொடுக்கறது?” என்றார். வாக்குமூலம் எழுதிய எழுத்தர், ‘பட்டா தன் தந்தை பெயரில் உள்ளதாகவும் அதை மாற்ற ஆட்சேபணை உள்ளதாகவும் எதிர்மனுதாரர் தெரிவித்தார்’ என்று முடித்துவிட்டார். மகள் எழுந்து, “ஐயா, அவர் சொன்னதுல முதல் பாதியும் எழுதணும்” என்றார். அறையில் ஒரு கணம் அமைதி. அலுவலர் எழுத்தரை நிறுத்தச் சொல்லி அந்த இளைஞரிடம் மறுபடி கேட்டார். அவர் தலையைக் குனிந்தபடி, நிலத்தின் அனுபவம் எப்போதும் அவர்களிடம்தான் இருந்தது என்று ஒப்புக்கொண்டார். அது எழுதப்பட்டு, படித்துக் காட்டப்பட்டு, அவருடைய கையெழுத்தும் பெறப்பட்டது. தானே புயல் நிவாரணத் தொகையைத் தன் தந்தை இவர்களிடம் கொடுத்ததையும் தானாகவே சொன்னார். ஆவணக் காப்பறையில் தேடிய மூன்று மாதத்துக்கு நிகரான எடை அந்த ஆறு வரிகளுக்கு இருந்தது.

உரிமையில் மெய்யான தகராறு இருந்திருந்தால் நிலைமை வேறாகியிருக்கும். உரிமை பற்றிய வழக்கு நிலுவையில் இருந்தாலோ தனிநபர் சட்டம் தொடர்பான கேள்வி எழுந்தாலோ, தரப்பினரை உரிமையியல் நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும் என்று பட்டா பாஸ்புத்தக விதிகளின் 4(4) கூறுகிறது. பட்டா உரிமை தரும் ஆவணம் அல்ல, வரி யாரிடம் வசூலிப்பது என்பதற்கான பதிவு என்ற நிலைப்பாட்டை நீதிமன்றங்கள் பலமுறை எடுத்துள்ளன. வாக்குமூலத்தின் முதல் பாதி எழுதப்படாமல் போயிருந்தால், ‘உரிமைத் தகராறு உள்ளது, உரிமையியல் நீதிமன்றத்தை அணுகுக’ என்ற இன்னொரு தள்ளுபடி உத்தரவு வந்திருக்க எல்லா வாய்ப்பும் இருந்தது.

முடிவு

பதினோராம் வாரத்தில் ஆறு பக்க உத்தரவு வந்தது. ‘பார்வை’யில் பத்திரம் இருந்தது, பழைய பதிவேடு இருந்தது, நில அளவரின் வரைபடமும் இருந்தது. 98 சென்ட் நிலத்தைத் தனி உட்பிரிவாக்கி மனுதாரரும் அவருடைய மகளும் கூட்டாக உள்ள பட்டாவாக வழங்க ஆணையிட்ட அலுவலர், பாதையாக உள்ள 14 சென்டில் தலையிட மறுத்தார். உரிமையியல் நீதிமன்றத்தின் முடிவுக்கு இவ்வுத்தரவு கட்டுப்பட்டது என்றும் குறிப்பிட்டிருந்தார். எதிர்த்தரப்பு இதுவரை வழக்கிடவில்லை.

உத்தரவு கையில் வந்ததோடு வேலை முடிந்துவிடவில்லை. ஆணையைத் ‘தமிழ்நிலம்’ மென்பொருளில் ஏற்றி, உட்பிரிவு வரைபடம் ஒப்புதல் பெற்று, புதிய பட்டா எண் உருவாக வேண்டும். அதற்கு மேலும் ஐந்து மாதங்கள் ஆயின. வட்ட அலுவலகத்தில் கோப்பு மறுபடி நில அளவர் வசமே சென்றது. மூன்றாம் மாதத்தில் வழக்கறிஞர் அனுப்பிய கடிதத்துக்குப் பிறகே அசைவு ஏற்பட்டது. நீதிமன்றம் கட்டளையிட்டது உத்தரவு பிறப்பிக்க; அந்த உத்தரவைக் கணினியில் ஏற்றுவதற்கு நீதிமன்ற ஆணையில் கெடு எதுவும் இல்லை என்பதை அப்போதுதான் கவனித்தோம்.

மீண்டும் செய்வதானால்

முதலாவதாக, மனு எழுதுமுன் யூ.டி.ஆருக்கு முந்திய பதிவேட்டைப் பார்ப்பேன். பிழை எப்போது நுழைந்தது என்பதைப் பொறுத்தே யாரிடம் போவது என்பது முடிவாகும். அதைத் தெரிந்துகொள்ளாமல் எழுதும் மனுவுக்கு எவ்வளவு விரைவாக முடிவு கிடைத்தாலும் பயன் இல்லை. எங்கள் முதல் ரிட் மனுவும் அதன் எண்பது நாள்களும் இந்த ஒரு பார்வைக் குறைவால் வீணாயின.

இரண்டாவதாக, ரிட் மனுவின் கோரிக்கைப் பகுதியிலேயே, உத்தரவு பிறப்பிப்பதோடு அதனைப் பதிவேட்டில் நடைமுறைப்படுத்துவதற்கும் கால வரம்பு கேட்கச் சொல்வேன். நீதிமன்றம் தருமா என்பது வழக்கைப் பொறுத்தது. கேட்காவிட்டால் நிச்சயமாகக் கிடைக்காது. மாற்றுத்தரப்பை முதலிலேயே சேர்ப்பதும், இலவச சட்ட உதவிக்கு விண்ணப்பிப்பதும் இதே வகையில் சேரும். தகவல் அறியும் உரிமை மனுவை நான்கு ஆண்டுகள் கழித்துப் போட்டோம். மூன்றாம் மாதத்திலேயே போட்டிருக்கலாம். 19 பக்கங்களுக்குப் பக்கம் 2 ரூபாய் வீதம் 38 ரூபாய் செலவு, அவ்வளவே.

அலுவலகத் தரப்பிலும் ஒன்று சொல்ல உண்டு. அதிகாரம் இல்லாத மனு என்று தெரிந்தால், அதை ஒரு வாரத்தில் எழுத்தில் சொல்லி உரிய அலுவலரின் பெயரையும் குறிப்பிட்டுத் திருப்பிவிடுவதற்கு நில அளவரும் தேவையில்லை, விசாரணையும் தேவையில்லை. எண்பதாம் நாள் எழுதப்பட்ட ஒன்றரைப் பக்கத்தில் பயனுள்ள வரி ஒன்றுதான்; அதை எழுத நீதிமன்ற ஆணை தேவைப்பட்டிருக்கக் கூடாது. நான் பணியில் இருந்த காலத்தில் இப்படி எத்தனை மனுக்களை ‘அறிக்கை பெறுக’ என்று கீழே அனுப்பினேன் என்பதை இந்தக் குறிப்புத்தாள்களைப் படித்தபோது எண்ணிப் பார்க்காமல் இருக்க முடியவில்லை.

புதிய பட்டாவின் அச்சுப் பிரதியை மனுதாரர் லேமினேஷன் செய்யவில்லை. மகள் அதற்கு ஒரு கோப்புறை வாங்கித் தந்திருக்கிறார். பாதையாகப் பதிவான 14 சென்ட் குறித்துத் தனியாக ஒரு மனு, பழைய பதிவேட்டின் நகலோடு, மாவட்ட வருவாய் அலுவலரிடம் கொடுக்கப்பட்டுள்ளது. தபால் பிரிவின் முத்திரை விழுந்து இன்றோடு 40 நாள் ஆகிறது.